பிழையும் பதிவேடும்: மருந்தகச் சட்ட வழக்கறிஞரின் பணியிலிருந்து

வாரத்துக்கு ஒருமுறை மட்டுமே உட்கொள்ள வேண்டிய மெத்தோட்ரெக்சேட் மாத்திரைக்குத் 'தினமும் ஒன்று' என்று லேபிள் ஒட்டிக் கொடுத்துவிட்டதாக ஒரு மருந்தாளுநர் என்னைத் தொலைபேசியில் அழைத்தார். "கணினியில் இருக்கும் பதிவைத் திருத்திவிடலாமா? மேலாளர் திருத்தச் சொல்கிறார்" என்பதே அவருடைய முதல் கேள்வியாக இருந்தது. அவரை நான் குறை கூற மாட்டேன். பல ஆண்டுகள் பழுதில்லாமல் உழைத்த ஒருவர், உரிமமும் நற்பெயரும் ஒரே நாளில் போய்விடும் என்று அஞ்சும்போது மனம் முதலில் ஒளிந்துகொள்ள இடம் தேடும். அந்தக் கேள்விக்கு என்ன பதில் சொல்வது என்பதைக் கற்றுக்கொள்வதுதான், மருந்தகச் சட்டத்தையும் தொழில் நெறியையும் தன் துறையாக ஏற்கும் வழக்கறிஞரின் முதற்பாடம் என்று நான் கருதுகிறேன்.

பதிவைத் தொடக்கூடாது என்றேன். உடனே நோயாளியை அழைத்து, மாத்திரையை நிறுத்தச் சொல்லி, எத்தனை நாள் உட்கொண்டார் என்று கேட்டு, மருந்துச் சீட்டு எழுதிய மருத்துவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்றேன். அதற்குப் பின்னர், நடந்ததை நேரத்துடன் தம் கைப்பட எழுதி வைக்கட்டும் என்றேன். முடக்குவாதத்துக்கு வாரம் ஒருமுறை கொடுக்கப்படும் அந்த மருந்தைத் தினமும் உட்கொண்டால் எலும்பு மஜ்ஜையின் செயல்பாடு குன்றும்; இரத்த அணுக்கள் குறையும்; உயிரே போகலாம். அதே வேளையில், விரைவில் தெரியவந்தால் ஃபோலினிக் அமிலம் கொடுத்து நச்சு விளைவைத் தணிக்கவும் முடியும். இந்த வழக்கில் நோயாளி நான்கு மாத்திரைகளை உட்கொண்டிருந்தார். மருத்துவமனையில் சேர்க்கப்பட்டு நலமடைந்தார். பதிவைத் திருத்துவதில் அந்த மாலை கழிந்திருந்தால் அவர் ஐந்தாவது மாத்திரையையும் உட்கொண்டிருப்பார். (அடையாளம் தெரியாதிருக்கச் சில விவரங்களை இங்கே மாற்றியிருக்கிறேன்.)

இந்த ஒரு பிழை எத்தனை வாசல்களுக்குப் போகக்கூடும் என்பதை வெளியிலிருந்து பார்ப்பவர்கள் அறிவதில்லை. பாதிக்கப்பட்டவர் இழப்பீடு கேட்டு உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகலாம். காவல்துறை குற்ற வழக்காகப் பதியலாம். மருந்தாளுநரின் பதிவை வைத்திருக்கும் தொழில்முறைக் கவுன்சில் தானாகவே விசாரணையைத் தொடங்கலாம். குற்ற வழக்கில் நியாயமான ஐயத்துக்கு அப்பாற்பட்ட நிரூபணம் வேண்டும். இழப்பீட்டு வழக்கிலோ எது நடந்திருக்கக் கூடுதல் வாய்ப்பு உண்டு என்பதே பல நாடுகளில் போதும். கவுன்சிலின் கேள்வி இவ்விரண்டிலிருந்தும் வேறுபட்டது: இந்த மனிதர் இனியும் பொதுமக்களுக்கு மருந்து வழங்கத் தகுந்தவரா என்று அது கேட்கும். ஓரிடத்தில் கொடுத்த வாக்குமூலம் இன்னோரிடத்தில் சாட்சியமாக வந்து நிற்கும் என்பதால், மூன்றையும் ஒருசேர மனத்தில் வைத்துக்கொண்டுதான் ஒவ்வொரு கடிதத்தையும் எழுத வேண்டியிருக்கிறது. குற்றவியல் மட்டும் பழகிய வழக்கறிஞர் 'எதுவும் பேசாதீர்கள்' என்று சொல்லிவிடுவார். காவல் நிலையத்தில் அது சரியான அறிவுரையாக இருக்கலாம். ஆனால் நோயாளியிடம் பேசாமலிருந்ததே கவுன்சிலின் முன்னால் தனிக் குற்றச்சாட்டாக மாறிவிடும்.

நேர்மையாக நேர்ந்த பிழையைச் சட்டம் எப்படி நடத்த வேண்டும் என்பதற்கு இங்கிலாந்தில் நடந்ததை நான் அடிக்கடி எடுத்துக் காட்டுவதுண்டு. அழற்சியைத் தணிக்கும் பிரெட்னிசோலோன் கொடுக்க வேண்டிய இடத்தில், இதயத் துடிப்பைக் குறைக்கும் பிரோப்ரானோலோலைக் கொடுத்துவிட்ட ஒரு மருந்தாளுநருக்கு 2009-இல் நிறுத்திவைக்கப்பட்ட சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது. நோயாளி இறந்துபோயிருந்தார், ஆனால் தண்டனை அந்த மரணத்துக்காக விதிக்கப்படவில்லை, மருந்தின் மேல் தவறான லேபிள் இருந்ததற்காகவே விதிக்கப்பட்டது. 2010-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சிறைத் தண்டனையை நீக்கி அபராதமாக மாற்றியது. என்றாலும், கைதவறிய ஒரு கணத்துக்குச் சிறை வாசலைப் பார்க்க நேரும் என்ற அச்சம் அந்நாட்டு மருந்தாளுநர்களிடையே பரவிவிட்டது. அச்சம் பரவிய இடத்தில் பிழைகள் குறைவதில்லை, பிழை குறித்த அறிக்கைகள்தாம் குறைகின்றன. நீண்ட கோரிக்கைகளுக்குப் பின், பதிவு பெற்ற மருந்தகங்களில் நேரும் இத்தகைய பிழைகளுக்கு 2018-இல் சட்டப் பாதுகாப்பு வழங்கப்பட்டது. அந்தப் பாதுகாப்போடு ஒரு நிபந்தனையும் இணைந்திருக்கிறது: பிழை தெரியவந்ததும் நோயாளிக்குத் தாமதமின்றித் தெரிவிக்க நியாயமான முயற்சி எடுத்திருக்க வேண்டும். இத்துறையில் நான் வாசித்த விதிகளுள் இதைவிட அறிவார்ந்த ஒன்று எனக்கு நினைவில்லை.

இதைச் சொல்லும்போது, மருந்தாளுநர்களுக்காக வாதாடுபவன் என்பதால் எல்லாவற்றையும் மன்னிக்கச் சொல்கிறேன் என்று எண்ணிவிடக் கூடாது. அமெரிக்காவின் கன்சாஸ் நகரில் புற்றுநோய் மருந்துகளை நீர்க்கச் செய்து விற்று ஆதாயம் தேடிய மருந்தாளுநருக்கு 2002-இல் 30 ஆண்டு சிறைத் தண்டனை கிடைத்தது. அதே நாட்டில் 2012-இல், தூய்மை விதிகளைக் காற்றில் பறக்கவிட்ட ஒரு மருந்துக் கலவைக்கூடத்திலிருந்து வெளிவந்த பூஞ்சை கலந்த ஊசி மருந்தால் 60-க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். இவற்றை என் கட்சிக்காரரின் லேபிள் பிழையோடு ஒரே தட்டில் வைப்பது அநீதி. தெரிந்தே செய்ததையும், அலட்சியத்தைப் பழக்கமாக்கிக்கொண்டதையும், கவனம் சிதறிய ஒரு கணத்தையும் நீதிமன்றத்துக்குப் பிரித்துக் காட்டுவதே எங்கள் வேலையின் பெரும்பகுதி. பிரித்துக் காட்ட உதவுவது வாதத் திறமையைவிடப் பதிவேடுதான். யார் எப்போது சீட்டைச் சரிபார்த்தார், எந்தத் தொகுதி எண் கொண்ட மருந்து எடுக்கப்பட்டது, அந்த மணி நேரத்தில் எத்தனை சீட்டுகள் வந்தன, எத்தனை பேர் பணியில் இருந்தார்கள் என்பவை அந்தந்த நேரத்தில் எழுதப்பட்டிருந்தால் அவையே பேசும். பின்னர் திருத்தப்பட்ட பதிவும் பேசும். யாருடைய கடவுச்சொல்லில் எந்த நிமிடத்தில் திருத்தப்பட்டது என்பதைக் கணினி மறப்பதில்லை. என்னிடம் வருவதற்கு முன்பே பதிவைத் திருத்திவிட்ட ஒருவர், பிழைக்காக எச்சரிக்கையோடு தப்பியிருக்க வேண்டியவர், அந்தத் திருத்தத்துக்காக உரிமத்தை இழந்தார். அவருக்காக நான் செய்யக்கூடியது மிகக் குறைவாகவே இருந்தது.

மருந்துச் சட்டத்தின் வரலாறே பெரும்பாலும் இறந்தவர்களின் கணக்கிலிருந்து எழுதப்பட்டது. 1937-இல் அமெரிக்காவில் சல்ஃபானிலமைடு என்னும் மருந்தை டைஎத்திலீன் கிளைக்கால் என்ற நச்சுத் திரவத்தில் கரைத்து விற்றதால் 100-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அவர்களில் பலர் குழந்தைகள். ஒரு மருந்தின் பாதுகாப்பைச் சோதித்த பிறகே விற்க வேண்டும் என்ற சட்டம் அப்போது அங்கே இல்லை. 'எலிக்சிர்' என்று பெயரிட்ட மருந்தில் ஆல்கஹால் இருக்க வேண்டும், இதில் இல்லை என்ற ஒரே பெயர்ப் பிழையைக் கொண்டுதான் அதிகாரிகள் அதைப் பறிமுதல் செய்தார்கள். அடுத்த ஆண்டே, 1938-இல், புதிய சட்டம் வந்தது. அதே நச்சு கலந்த இருமல் மருந்துகளைப் பற்றி உலக சுகாதார நிறுவனம் 2022 அக்டோபரில், மேற்கு ஆப்பிரிக்க நாடான காம்பியாவில் நேர்ந்த குழந்தைகளின் மரணத்தை ஒட்டி எச்சரிக்கை விடுக்க வேண்டியிருந்தது. 85 ஆண்டு இடைவெளியில் சட்டப் புத்தகங்கள் தடித்துவிட்டன. ஒவ்வொரு மூலப்பொருள் பீப்பாயையும் திறந்து சோதிக்கும் கை மட்டும் சில இடங்களில் இன்னும் வந்து சேரவில்லை. உற்பத்தி நிறுவனங்களுக்கு ஆலோசனை சொல்லும் இளம் வழக்கறிஞர்கள், மூலப்பொருள் சோதனைச் சான்றிதழ் உண்மையிலேயே சோதித்தவர் கையெழுத்திட்டதா என்று கேட்பதை ஒரு சடங்காக நினைக்காமல் இருக்க வேண்டும் என்று விரும்புகிறேன்.

மார்ஃபின் போன்ற வலி நிவாரணி வழக்குகள் வேறு வகைத் துயரம். 1961-ஆம் ஆண்டின் போதை மருந்துகள் குறித்த சர்வதேச ஒப்பந்தம், வலியைத் தணிக்க இம்மருந்துகள் தவிர்க்க முடியாதவை என்பதைத் தன் முகவுரையிலேயே ஏற்கிறது. ஆனாலும் விசாரணைக்கு அஞ்சி, உண்மையான சீட்டுடன் வந்த புற்றுநோயாளியை வெறுங்கையுடன் திருப்பி அனுப்பும் மருந்தாளுநர்கள் உண்டு. போலிச் சீட்டுக்கு மார்ஃபின் கொடுப்பது தவறு என்றால், சரியான சீட்டுக்குக் கொடுக்க மறுப்பதும் தவறுதான். ஐயம் எழுந்தால் மருத்துவரை அழைத்துக் கேட்டு, கேட்டதைக் குறித்து வைத்து, பின் முடிவெடுக்க வேண்டும். மருத்துவரும் மருந்து விற்பவரும் கூட்டுச் சேரக்கூடாது என்று 13-ஆம் நூற்றாண்டிலேயே புனித ரோமானியப் பேரரசர் இரண்டாம் பிரெடெரிக் சட்டம் செய்ததன் உட்பொருளும் இதுவே: சீட்டு எழுதுபவரின் பிழையைக் கண்டுபிடிக்க, அவருக்குக் கட்டுப்படாத இன்னொரு கண் வேண்டும்.

எங்கள் தரப்பு நெறியையும் சொல்லியாக வேண்டும். மருந்தக உரிமையாளரும் அங்கே சம்பளத்துக்கு வேலை செய்யும் மருந்தாளுநரும் ஒன்றாக வந்து 'எங்கள் இருவருக்கும் நீங்களே ஆஜராகுங்கள்' என்பார்கள். முதல் நாள் இருவரின் நலனும் ஒன்றுபோலவே தெரியும். ஆள் பற்றாக்குறை குறித்து மூன்று முறை எழுதிக் கொடுத்தேன் என்று ஊழியர் சொல்லும் நாளில் அது இரண்டாகப் பிளந்துவிடும். கட்டணம் செலுத்துபவர் உரிமையாளர் என்பதால் ஊழியரின் அந்தக் கடிதங்கள் கோப்பிலேயே தங்கிவிடும் அபாயம் உண்டு. ஆகவே நான் இருவரில் ஒருவருக்கு மட்டுமே ஆஜராவேன். மற்றவரை வேறொரு வழக்கறிஞரிடம் அன்றே அனுப்பிவிடுவேன்.

இத்துறைக்கு வர மருந்தியல் பட்டம் கட்டாயமா என்று மாணவர்கள் கேட்கிறார்கள். இருந்தால் நல்லது, இல்லாமலும் சிறப்பாகப் பணியாற்றுபவர்களை அறிவேன். சட்டப் படிப்போடு மருந்துப் பெயர்கள், அளவுகள், மருந்துகளுக்கிடையேயான வினைகள் ஆகியவற்றில் அடிப்படை அறிவும், நிபுணர் சாட்சியின் அறிக்கையைக் கேள்வி கேட்கும் அளவுக்குப் புள்ளியியலும் வேண்டும். வருமானம் தொடக்கத்தில் மெல்லவே வளரும். என்னிடம் பயிற்சிக்கு வருபவர்களை முதல் இரண்டு வாரங்கள் நீதிமன்றத்துக்கு அழைத்துச் செல்வதில்லை. உரிய அனுமதியோடும், நோயாளிகளின் விவரங்களைக் காக்கும் உறுதிமொழியோடும், நெரிசலான ஒரு மருந்தகத்தில் மருந்தாளுநரின் அருகே நிற்க அனுப்புகிறேன். ஒரே வண்ணத்தில் வரும் இரண்டு அட்டைப் பெட்டிகள், பாதியில் ஒலிக்கும் தொலைபேசி, 'இன்னும் எவ்வளவு நேரம்' என்று கேட்கும் வரிசை, கிறுக்கலான ஒரு சீட்டு ஆகியவற்றை அவர்கள் அங்கே பார்க்கிறார்கள். திரும்பி வந்ததும், முடிந்துபோன ஒரு வழக்கின் பதிவேட்டு நகலைக் கையில் கொடுத்து, எந்த நிமிடத்தில் பிழை நேர்ந்திருக்கும் என்று குறிக்கச் சொல்கிறேன்.