2024இல் இலங்கைக்கு இருபது இலட்சம் சுற்றுலாப் பயணிகள் வந்தார்கள், சரி. உங்கள் அறையில் யார் தங்கினார்கள்?

திருகோணமலை நிலாவெளிப் பக்கத்திலிருந்து ஓர் அக்கா கடந்த மாதம் என்னைத் தேடி வந்தார். கையில் ஒரு பொலித்தீன் பை. அதற்குள் வங்கிக் கடிதங்கள், கடன் ஒப்பந்தம், காணி உறுதியின் போட்டோப்பிரதி. எல்லாவற்றுக்கும் மேலே, கவனமாக வெட்டி மடித்த ஒரு பத்திரிகைத் துண்டு. 2023இல் இலங்கைக்கு வந்த சுற்றுலாப் பயணிகள் முந்தைய ஆண்டைப்போல இரண்டு மடங்குக்கும் மேல் என்ற செய்தி. அதைப் பார்த்துத்தான் இருந்த நான்கு அறையோடு இன்னும் ஆறு அறை கட்டினார். இரண்டு தவணை தவறிவிட்டது.

"தம்பி, இந்தச் செய்தி பொய்யா?" என்று கேட்டார்.

பொய் இல்லை, அக்கா. அதுதான் சிக்கலே. பொய்யாக இருந்தால் யாரையாவது திட்டிவிட்டுப் போகலாம்.

இந்த வருடத்தில் என்னிடம் வந்த ஐந்தாவது பை இது. சின்ன விடுதிகளுக்குக் கணக்குப் பார்ப்பதும், கடன் முறுகிய பிறகு வங்கியோடு பேசப் போகும்போது பக்கத்தில் உட்காருவதும் என் வேலை. அதற்கு முன்னர் கொழும்பு ஹோட்டல்களில் இரவுக் கணக்கு எழுதிய ஆள். ஐந்து பையிலும் ஒரே பிழை இருந்ததால் பொறுமை போய் இதை எழுதுகிறேன்.

முதலில் நாடு நடந்து வந்த வழி. 2018இல் 23 இலட்சத்து 33 ஆயிரம் பேர் வந்தார்கள். 2019 ஏப்ரல் 21 உயிர்த்த ஞாயிறு குண்டுவெடிப்புகளோடு அது 19 இலட்சமாக இறங்கியது. 2020 மார்ச்சில் விமான நிலையத்தையே மூடினோம். 2021 முழுவதும் வந்தவர்கள் இரண்டு இலட்சம்கூட இல்லை. 2022இல் பெற்றோல் வரிசையும் மின்வெட்டும். அந்த ஆண்டு 7 இலட்சத்து 20 ஆயிரம். 2023இல் 14 இலட்சத்து 87 ஆயிரம். 2024இல் 20 இலட்சத்து 53 ஆயிரம்.

அக்காவின் பத்திரிகைத் துண்டு சொன்ன 'இரண்டு மடங்கு' எது என்று இப்போது விளங்கும். கிணற்றுக்குள் அடியில் கிடந்தவன் பாதி ஏறிய கதை அது. பாதி ஏறியவனைப் பார்த்து அவன் மலை ஏறப் போகிறான் என்று கடன் எடுக்கக் கூடாது.

இனி பணம். 2018இல் சுற்றுலா வருமானம் ஏறத்தாழ 438 கோடி டொலர். 2024இல் 317 கோடி. தலைக்குப் பிரித்துப் பாருங்கள். அன்று ஒருவர் விட்டுப்போனது சுமார் 1,880 டொலர், 2024இல் சுமார் 1,540. ஆட்கள் திரும்பி வந்த அளவுக்குக் காசு திரும்பி வரவில்லை. எனக்கு இரவுகள்தான் முக்கியம். கட்டுநாயக்கா விமான நிலையத்தில் கடவுச்சீட்டில் முத்திரை குத்தும்போது உங்கள் கட்டிலில் யாரும் படுப்பதில்லை.

இந்த இடத்தில் கொஞ்சம் நின்று விளக்கப்போகிறேன். ஐந்து பேரும் விழுந்த குழி இதுதான்.

'வருகை' என்பது எல்லையில் எடுக்கும் கணக்கு. ஒரு இரவாவது தங்க வரும் வெளிநாட்டவர் அதில் ஒருவர். அவர் எங்கே தங்கினார், எத்தனை நாள், என்ன விலை கொடுத்தார், உங்கள் மாவட்டத்தை எட்டிப் பார்த்தாரா என்று அந்த எண்ணுக்குத் தெரியாது. கனடாக் கடவுச்சீட்டோடு கோண்டாவிலுக்கு வந்து, பெரியம்மா வீட்டில் பாய் போட்டுப் படுத்து, நல்லூர்த் திருவிழா முடிய விமானம் ஏறும் எங்கள் பிள்ளையும் அந்த 20 இலட்சத்தில் ஒருவர்தான். அவர் பெரியம்மாவுக்குச் சொக்லேட் கொடுத்தார், கடைத்தெருவில் செலவழித்தார், நல்லது. விடுதிக்கு ஒரு சதம் தரவில்லை. வடக்கில் அறை கட்டுபவர்கள் "ஓகஸ்ட்டில் பாருங்கோ, எவ்வளவு சனம்!" என்று சொல்லும்போதெல்லாம் எனக்கு அந்தப் பெரியம்மா வீட்டுப் பாய்தான் கண்ணில் வருகிறது.

2024இல் இந்தியாவிலிருந்து வந்தவர்கள் நான்கு இலட்சத்துக்கும் மேல். முதலிடம் அவர்களுக்குத்தான். பலாலியிலிருந்து சென்னைக்கு விமானம், காங்கேசன்துறைக்கும் நாகப்பட்டினத்துக்கும் இடையே கப்பல் என்று வழியும் திறந்திருக்கிறது. ஆனால் நான்கு நாளில் சுற்றிவிட்டுத் திரும்பும் குடும்பத்துக்கு வேண்டியது வேறு, பதினைந்து நாள் கடற்கரையில் கிடக்க வரும் ஜேர்மன்காரருக்கு வேண்டியது வேறு. இருவரையும் ஒரே தலைக்கணக்கில் போட்டுவிட்டு, ஜேர்மன்காரருக்கென்று கட்டிய அறையில் குடும்பத்துக்கு இடம் போதாமல் முழிப்பவர்களைப் பார்த்திருக்கிறேன்.

கிழக்குக்கு இன்னொரு கொடுமை உண்டு. நாட்டின் பெரிய சீசன் டிசம்பரில் தொடங்கி மார்ச் வரை, தெற்கிலும் மேற்கிலும். அந்த மாதங்களின் எண்தான் தலைப்புச் செய்தியாகும். அப்போது திருகோணமலையில் என்ன நடக்கும்? வடகீழ்ப் பருவமழை. கடல் கொந்தளிக்கும், புறாத்தீவுக்குப் படகு போகாது, மெத்தைகள் பூஞ்சணம் பிடிக்கும். சாதனை வருகை என்று தொலைக்காட்சி சொல்லும் அதே இரவில் நிலாவெளியில் முதலாளியும் நாயும் மட்டும் இருப்பார்கள். எங்கள் சீசன் மே முதல் செப்டெம்பர் வரை. அதிலும் அறை உண்மையாக நிரம்புவது ஜூலையிலும் ஓகஸ்ட்டிலும்தான்.

அக்காவுக்கு ஒரு தாளில் போட்டுக் காட்டிய கணக்கை இங்கேயும் போடுகிறேன். எண்கள் அவருடையவை அல்ல, விளங்குவதற்காக வட்டமாக்கியவை.

பத்து அறை. சீசனில் 70 நாள் எல்லாமே நிரம்புகின்றன என்று வையுங்கள். அது 700 இரவு. மீதி 295 நாளும் இரண்டு அறை போகிறது, 590 இரவு. மொத்தம் 1,290. வருடத்தில் விற்கக்கூடியது 3,650 இரவு. ஆக 35 வீதம். "சீசனில் இடமே இல்லை, ஆட்களைத் திருப்பி அனுப்பினேன்" என்பவரின் வருடக் கணக்கு இப்படித்தான் இருக்கும்.

ஒரு இரவு 8,000 ரூபா என்றால் வருமானம் 103 இலட்சம். ஒன்லைன் புக்கிங் தளத்தின் கொமிஷன் 15 வீதம் என்று வைத்தால் பதினைந்தரை இலட்சம் அங்கே போய்விடும். ஆறு வேலையாட்களுக்கு மாதம் 50,000 வீதம் 36 இலட்சம். மின்சாரம் மாதம் ஒரு இலட்சம் என்றால் 12. காலைச் சாப்பாடு, லோன்ட்ரி, சவர்க்காரம் என்று ஒரு இரவுக்கு 1,000 போட்டால் 13. சுற்றுலா அபிவிருத்தி வரி புரள்வில், அதாவது மொத்த வருமானத்தில், ஒரு வீதம், அது ஒரு இலட்சம். மிஞ்சுவது 26 இலட்சத்துக்குச் சற்றுக் குறைவு. மூன்று கோடி கடனுக்கு 13 வீத வட்டி 39 இலட்சம். கடனின் முதல் தொகையில் ஒரு ரூபாகூடக் குறையாமலே வருடத்துக்கு 13 இலட்சம் துண்டு விழுகிறது. ஏசி பழுதாவதையும் கூரை ஒழுகுவதையும் நான் சேர்க்கவே இல்லை.

அக்கா தாளை நெடுநேரம் பார்த்தார். "அப்ப ஓகஸ்ட்டில வந்த காசு எங்க போனது?" என்றார். ஓகஸ்ட் காசை நவம்பர் தின்றுவிட்டது. ஐந்து வீட்டிலும் இதே கேள்விதான்.

தொழில் இரகசியம் ஒன்று. அறை எத்தனை போனது என்று பார்க்க நான் வருகைப் பதிவேட்டைத் திறப்பதில்லை. லோன்ட்ரிக் கொப்பியைக் கேட்பேன். துவைத்த படுக்கை விரிப்பு பொய் சொல்லாது. ஒரு விடுதியில் முதலாளி 60 வீதம் நிரம்புகிறது என்று சத்தியம் செய்தார். விரிப்புக் கணக்கு 28க்கு மேல் ஏறவில்லை. அவர் ஏமாற்றவில்லை. சனிக்கிழமைகளை மட்டும் ஞாபகம் வைத்திருந்தார், அவ்வளவுதான்.

அப்புறம் ரூபா மயக்கம். "2018இல் 8,000, இப்ப 10,000 எடுக்கிறன், விலையைக் கூட்டிட்டன்" என்பார்கள். 2018இல் டொலர் சராசரி 160 ரூபா அளவில் இருந்தது, அந்த 8,000 ஐம்பது டொலர். 2024இல் டொலர் 300 அளவில், 10,000 என்பது முப்பத்துமூன்று டொலர். வெளிநாட்டுக்காரருக்கு நீங்கள் விலையை மூன்றில் ஒரு பங்கு குறைத்திருக்கிறீர்கள். உங்கள் செலவு மட்டும் குறையவில்லை. மின்கட்டணம் 2022 ஓகஸ்ட்டில் 75 வீதமும் 2023 பெப்ரவரியில் 66 வீதமும் ஏறியது. பிறகு சில தடவை குறைத்தார்கள் என்றாலும் பழைய இடத்துக்குத் திரும்பவில்லை. நல்ல சமையல்காரர் மாலைதீவிலோ கட்டாரிலோ இருக்கிறார். 2022இல் மட்டும் மூன்று இலட்சம் பேருக்கு மேல் வேலைக்காக நாட்டை விட்டுப் போனார்கள். எங்கள் துறை இழந்தது அதில் கொஞ்சநஞ்சம் அல்ல. இருப்பவரைத் தக்கவைக்கச் சம்பளம் கூட்டத்தான் வேண்டும்.

பக்கத்து வளவிலும் அதே செய்தியைப் படித்துவிட்டு ஒருவர் அறை கட்டிக்கொண்டிருக்கிறார். அதுவும் போதாதா? அவர் உங்களைவிட 1,000 ரூபா குறைத்துப் போடுவார், நீங்கள் 500 குறைப்பீர்கள். கொழும்பில் நட்சத்திர ஹோட்டல்களே இந்தச் சண்டையில் விழுந்துதான் 2023 ஒக்டோபரில் அரசாங்கம் குறைந்தபட்ச அறைக்கட்டணம் விதித்தது, ஐந்து நட்சத்திரத்துக்கு 100 டொலர். கடற்கரை ஓரத்துச் சின்ன விடுதிக்கு அப்படி ஒரு தடுப்பும் இல்லை.

நன்றாகப் போகும் சீசன்கூட ஒரே நாளில் கைவிட்டுப் போகலாம். 2024 ஒக்டோபர் 23ஆம் திகதி கிழக்குக் கரையின் அறுகம்குடாப் பகுதிக்குப் போக வேண்டாமென்று அமெரிக்கத் தூதரகம் எச்சரித்தது. எனக்குத் தெரிந்த ஒருவருக்கு அன்று இரவு படுக்கப் போகும் முன்னரே மூன்று இரத்து. இந்தத் தொழிலில் கடன் எடுப்பவர் எதுவும் கெட்டுப்போகாத ஆண்டை வைத்துக் கணக்குப் போடக் கூடாது. 2019க்குப் பிறகு அப்படி எத்தனை ஆண்டு வந்தது என்று விரல் மடக்கிப் பாருங்கள்.

சரி, என்ன செய்வது?

காணி உறுதியை வங்கியில் வைக்கும் முன்னர் உங்கள் சொந்த விடுதியின் 12 மாதக் கணக்கை எழுதுங்கள். ஓகஸ்ட்டை அல்ல, நவம்பரை முதலில் எழுதுங்கள். அந்தக் கணக்கில் நிரம்பிய இரவுகளை மூன்றில் ஒரு பங்கு வெட்டிவிட்டு, தவணை கட்ட முடியுமா என்று பாருங்கள். முடியாது என்றால் புது அறை கட்டாதீர்கள். இதில் பேச்சுக்கு இடமில்லை.

மாதத் தவணைக்குக் கையெழுத்துப் போடாதீர்கள். உங்கள் வருமானம் சீசனுக்கு வருகிறது, தவணையும் சீசனோடு ஏறி இறங்கட்டும் என்று கேளுங்கள். கேட்டால் வங்கி முகாமையாளர் கோபிப்பார் என்று ஐவரில் மூவர் கேட்கவே இல்லை. என்ன மரியாதை இது! மூன்று கோடிக்கு உறுதியைக் கொடுக்கிறீர்கள், ஒரு கேள்வி கேட்கக் கூச்சம்.

புது அறைக்கு முன்னர் பழைய அறையைத் திருத்துங்கள். ஒழுங்கான சுடுநீர், இருட்டாத மின்குமிழ், மணக்காத குளியலறை. நான்கு அறையை 12,000க்கு விற்பது பத்து அறையை 8,000க்கு வெறுமையாக வைத்திருப்பதைவிட மேல். ஒருமுறை வந்து தங்கியவரின் வட்ஸ்அப் இலக்கத்தை வாங்கி வையுங்கள். அடுத்த தடவை அவர் நேரே கேட்டு வந்தால் கொமிஷன் உங்கள் பெட்டிக்குள் இருக்கும். சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபையில் பதிவு செய்யாமல் ஒளித்து நடத்துபவர்களுக்கும் ஒன்று: நாளை சலுகைக் கடனோ தவணைத் தள்ளிவைப்போ வந்தால் பதிவு எங்கே என்று கேட்பார்கள். அப்போது என்னிடம் ஓடி வராதீர்கள்.

ஏற்கெனவே தவணை தவறியவர்களிடம் மட்டும் கெஞ்சிக் கேட்கிறேன், கடிதத்தை இலாச்சிக்குள் போடாதீர்கள். 1990ஆம் ஆண்டின் சட்டப்படி, கடனுக்கு ஈடாக வைத்த சொத்தை நீதிமன்றம் போகாமலே ஏலத்தில் விட வங்கிக்கு அதிகாரம் உண்டு. பராட்டே என்று எல்லோரும் பயந்து சொல்வது அதைத்தான். 2024 டிசம்பர் 15 வரை அதை நிறுத்தி வைத்தார்கள், பிறகு 2025 மார்ச் 31 வரை நீட்டினார்கள். நீட்டும்போதெல்லாம் அது ஒழிந்துவிட்டதென்று சிலர் நிம்மதியாகத் தூங்கினார்கள். தள்ளிப்போட்ட சட்டம் ஒழிந்த சட்டம் அல்ல. முதல் தவணை தவறிய வாரமே வங்கிக்குப் போங்கள். லோன்ட்ரிக் கொப்பியையும் மின்பட்டியலையும் கொண்டு போங்கள். கணக்கோடு வருபவரிடம் பேசத்தான் அவர்களுக்கும் விருப்பம். ஏலம் போடுவது அவர்களுக்கும் தலைவலி.

அக்காவும் நானும் இரண்டு நாள் உட்கார்ந்து அவருடைய 12 மாதத்தை எழுதினோம். புது ஆறு அறையில் மூன்றைப் பக்கத்தில் வேலை செய்யும் பொறியியலாளர்களுக்கு மாத வாடகைக்குக் கொடுக்க ஒத்துக்கொண்டார், மனமில்லாமல்தான். கடலைப் பார்த்த அறைகள் அவை. தவணையை சீசனுக்கு ஏற்ப மாற்றும்படி கடிதம் எழுதிக் கொடுத்திருக்கிறோம். வங்கி வருகிற செவ்வாய்க்கிழமை வரச் சொல்லியிருக்கிறது. போகும்போது அந்தப் பத்திரிகைத் துண்டைக் கொண்டுவர வேண்டாமென்று சொல்லியிருக்கிறேன்.