ஸ்டே கிடைக்கவில்லை என்றதும் உயர் நீதிமன்றமா?

இடமாறுதல் உத்தரவை எதிர்த்து, பணி வழக்குகளை விசாரிக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகும் மத்திய அரசு ஊழியர்களில் பலர், முதல் நாளிலேயே இடைக்காலத் தடை கிடைக்காமல் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் மட்டும் உத்தரவானால், அன்று மாலையே “ஹைகோர்ட்டில் ரிட் போட்டுவிடலாமா சார்?” என்று கேட்பார்கள். அரசியல் சாசனத்தின் கீழ் உயர் நீதிமன்றத்தில் போடும் மனுதான் ரிட். போடலாம்தான். ஆனால், அங்கே நீதிபதிகள் எதைப் பார்ப்பார்கள், எதைப் பார்க்க மறுப்பார்கள் என்பது தெரிந்து போட வேண்டும்.

1985-ஆம் ஆண்டின் நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டம், உச்ச நீதிமன்றத்தைத் தவிர மற்ற நீதிமன்றங்களின் அதிகாரத்தைப் பணி வழக்குகளில் விலக்கி வைத்திருந்தது. 1997-இல் சந்திரகுமார் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு அந்த விலக்கைச் செல்லாது என்று அறிவித்து, தீர்ப்பாயத்தின் உத்தரவுகளை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு ஆராயலாம் என்றது. ஊழியர்களின் நம்பிக்கை முழுவதும் இந்தத் தீர்ப்பின் மீதுதான் நிற்கிறது. ஆனால் அது திறந்துவிட்டது மேல்முறையீட்டு வாசல் அல்ல. அரசியல் சாசனத்தின் 226, 227-ஆம் பிரிவுகளின் கீழ் உயர் நீதிமன்றம் பார்ப்பது, தீர்ப்பாயம் தன் எல்லைக்குள் நின்று, உரிய முறைப்படி, பொருத்தமானவற்றைக் கருத்தில் கொண்டு முடிவெடுத்ததா என்பதைத்தான். தடை கொடுப்பதும் மறுப்பதும் தீர்ப்பாயத்தின் விருப்புரிமை. இரண்டு விதமாகவும் முடிவெடுக்க இடமிருக்கும் ஒரு விஷயத்தில், தீர்ப்பாயம் எடுத்த முடிவு தனக்கு உவப்பில்லை என்பதற்காக மட்டும் உயர் நீதிமன்றம் அதை மாற்றி எழுதுவதில்லை. அதிகாரமே இல்லாமல் பிறப்பித்த உத்தரவு, முக்கிய ஆவணத்தைக் கண்டுகொள்ளாத உத்தரவு, மூல மனுவில் (தீர்ப்பாயத்தில் போட்ட முதன்மை மனுவில்) கேட்ட பரிகாரம் முழுவதையும் இடைக்காலத்திலேயே காரணமின்றிக் கொடுத்துவிட்ட உத்தரவு போன்றவற்றில் தலையிடும்.

என் கட்சிக்காரர் ஒருவரின் வழக்கில், தீர்ப்பாயத்தின் முதல் நாள் உத்தரவு மூன்றே வரிகள்: நோட்டீஸ், பதில் மனுவுக்கு நான்கு வாரம், அடுத்த விசாரணைத் தேதி. அவர் அவசரப்பட்டார், நானும் இணங்கினேன். ரிட் மனு எடுத்துக்கொள்ளப்பட்டதும் அமர்வு கேட்ட முதல் கேள்வி, “தடை மறுக்கப்பட்டதா, பரிசீலிக்கவே படவில்லையா?” என்பது. மறுத்ததாக அந்த மூன்று வரிகளில் ஒரு சொல் கூட இல்லை. இடைக்காலக் கோரிக்கையைத் தீர்ப்பாயமே விரைந்து பரிசீலிக்கட்டும் என்று மனு முடித்து வைக்கப்பட்டது. அதற்குள் அவரைப் பழைய பணியிடத்திலிருந்து விடுவித்துவிட்டார்கள். விடுவிப்பு உத்தரவையும் சேர்த்து எதிர்க்க, மூல மனுவைத் திருத்தக் கோரி மீண்டும் தீர்ப்பாயத்தின் படிதான் ஏறினோம். அங்கே முதல் நாளே தடைக் கோரிக்கையை அழுத்தி வாதாடி, ஏற்பதோ மறுப்பதோ காரணத்தோடு பதிவாகும்படி கேட்டிருக்க வேண்டும். அந்தத் தவறு என்னுடையது.

தடை கிடைத்தவர்களுக்கு வேறொரு ஆபத்து உண்டு. சட்டத்தின் 24-ஆம் பிரிவின்படி, மனுவின் நகலையும் ஆதார ஆவணங்களின் நகல்களையும் எதிர்த்தரப்புக்குக் கொடுத்து, அவர்கள் தரப்பைக் கேட்ட பிறகே இடைக்கால உத்தரவு பிறப்பிக்க வேண்டும். பணத்தால் ஈடுகட்ட முடியாத இழப்பைத் தடுப்பதற்காக, காரணங்களை எழுத்தில் பதிந்து ஒருதலையாகத் தடை கொடுக்கலாம். ஆனால் 14 நாட்களுக்குள் அந்த நிபந்தனைகள் நிறைவேறி, தீர்ப்பாயமும் தடையை நீட்டித்திருக்காவிட்டால் அது தானாகவே காலாவதியாகிவிடும். தடை கிடைத்த மகிழ்ச்சியில் எதிர்த்தரப்புக்கு நகல் சார்வு செய்வதை, அதாவது கொண்டு சேர்ப்பதை, குமாஸ்தாவின் தலையில் கட்டிவிட்டு மறந்துபோகும் வழக்கறிஞர்களும் இருக்கிறார்கள். 15-ஆம் நாள் அலுவலகம் விடுவிப்பு உத்தரவை நீட்டும்போது, உயர் நீதிமன்றத்தில் எதிர்ப்பதற்கு எந்த மறுப்பு உத்தரவும் கையில் இருக்காது. காட்ட வேண்டியது, அலுவலக முத்திரையோடு நகல் பெற்றுக்கொண்டதற்கான ஒப்புகைச் சீட்டும், தடையை நீட்டிக்கக் கேட்டதற்கான பதிவும்தான்.