பாசிக்குள் இருக்கும் குள்ள ஓணான்

நுவரெலியாப் பக்கம் சுற்றுலா வழிகாட்டியாக இருக்கிறேன். ஹோர்டன் சமவெளிக்கு வருபவர்கள் உலக முடிவு என்ற செங்குத்துப் பாறை விளிம்பையும் மரை மான்களையும்தான் கேட்பார்கள். இப்போது சிலர் ஓணானைக் கேட்டு வருகிறார்கள். எனக்கு அதுதான் கவலை.

அவர்கள் தேடுவது கோபோடிஸ் சிலானிக்கா என்ற குள்ள ஓணானை. இலங்கையின் மத்திய மலைநாட்டை விட்டால் உலகில் வேறெங்கும் இல்லை. உள்ளங்கைக்குள் அடங்கும். பாசி படர்ந்த கிளையை வாலால் சுற்றிப் பிடித்துக்கொண்டு அசையாமல் கிடக்கும். விரல் நீட்டிக் காட்டினாலும் பலருக்குத் தெரியாது, அது கண்ணிமை மூடித் திறந்தால்தான் "ஆ, அதுவா!" என்பார்கள்.

வீட்டுத்தோட்டத்து ஓணான் மாதிரி விறுவிறென்று ஓடாது. பார்த்துவிட்டால் பிடிப்பது சுலபம். முட்டையும் இடாது, குட்டி போடும். இலங்கை ஓணான்களில் இந்தப் பேரினத்துக்கு மட்டுமே உள்ள குணம் இது. சினையாக இருக்கும் ஒன்றைத் தூக்கினால் குட்டிகளும் சேர்ந்தே போய்விடும்.

நக்கிள்ஸ் மலையில் இருக்கும் இதன் உறவான கோபோடிஸ் டும்பாராவைத் தனி இனமென்று 2006இல்தான் விவரித்தார்கள். அது அழிவின் விளிம்பில் உள்ள இனங்களின் சிவப்புப் பட்டியலில் இருக்கிறது. அங்கே ஏலக்காய்ச் செய்கைக்காகப் பெருமரங்களை விட்டுவிட்டு அடிக்காட்டை வெட்டினார்கள். தூரத்திலிருந்து பார்த்தால் காடு காடாகவே தெரியும்.

இவற்றைப் பிடிப்பது நம் நாட்டில் குற்றம். ஆனால் கடல் தாண்டிவிட்டால் நம் சட்டம் போகாது. ஐரோப்பாவில் வளர்ப்புப் பிராணியாக விற்றார்கள். அருகிவரும் உயிரினங்களின் வணிகத்தைக் கட்டுப்படுத்தும் உலக ஒப்பந்தமான சைட்டிஸின் மாநாடு 2019இல் ஜெனீவாவில் நடந்தது. அதில் இரண்டு இனங்களையும் முதலாம் பட்டியலில் சேர்த்த பிறகுதான், காட்டில் பிடித்ததை வெளிநாட்டில் விற்பதற்கும் தடை வந்தது.

ஒருமுறை என்னோடு வந்த ஒருவர், படம் நன்றாக வரவேண்டுமென்று ஓணானைக் கிளையிலிருந்து பிரித்து வெயிலில் ஒரு கல்லின் மேல் வைத்தார். நான் ஓடிவருவதற்குள் அது கண்ணை மூடிக்கொண்டது. வால் மட்டும் பிடிக்க ஒன்றுமில்லாமல் கல்லின் மேல் சுருண்டு சுருண்டு விரிந்தது. கிளையருகே கொண்டுபோனதும் வால்தான் முதலில் பற்றிக்கொண்டது.

பிடிப்பவர்களுக்கு இடம் தெரிந்துவிடக் கூடாது என்று, அன்றிலிருந்து கைபேசியில் இடம் பதிவாகும் வசதியை நிறுத்தச் சொன்ன பிறகே காட்டுகிறேன். எந்த மரம் என்று சக வழிகாட்டிகள் கேட்டாலும் வாட்ஸப்பில் எழுதுவதில்லை. சமவெளிக்கு ஏறும் பட்டிப்பொல வீதியில் வான் ஓட்டும் தம்பிமாரிடம் ஒன்று கேட்கிறேன்: காலை வெயில் விழும் வளைவுகளில் மெதுவாகப் போங்கள். இங்குள்ள இன்னோர் இனமான கொம்பு ஓணான்கள் அங்கே வீதியில் வந்து கிடக்கும்.