சட்டப் படிப்பில் சேர 45 சதவீதம்: ஒரு மதிப்பெண் குறைந்தால் என்ன ஆகும்?

பிளஸ் டூ மதிப்பெண் பட்டியலில் 600-க்கு 269. வகுத்துப் பார்த்தால் 44.83 சதவீதம். ஐந்தாண்டு சட்டப் படிப்புக்கு விண்ணப்பிக்கும் பொதுப் பிரிவு மாணவருக்கு இது போதாது, 270 வேண்டும். ஒரே ஒரு மதிப்பெண்தான் குறைவு. 'முழுமையாக்கி 45 என்று எடுத்துக்கொள்ளக் கூடாதா?' என்று கேட்கத் தோன்றும். நியாயமான ஆதங்கம்தான். ஆனால் சட்டத்தின் பதில் கடுமையானது.

1961-ஆம் ஆண்டு வழக்கறிஞர்கள் சட்டத்தின் 49-ஆவது பிரிவு, சட்டப் படிப்பில் சேர்வதற்கான குறைந்தபட்சத் தகுதியை வகுக்கும் அதிகாரத்தை, வழக்கறிஞர் தொழிலையும் சட்டக் கல்வியையும் ஒழுங்குபடுத்தும் இந்திய பார் கவுன்சிலுக்குத் தருகிறது. அந்த அதிகாரத்தின்கீழ் 2008-இல் வந்த சட்டக் கல்வி விதிகளில், 7-ஆவது விதி பொதுப் பிரிவுக்கு 45, பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினருக்கு 40 சதவீதத்துக்குக் குறையாமல் வரம்பு இருக்க வேண்டும் என்கிறது. இதர பிற்படுத்தப்பட்டோருக்கு 42 சதவீதம் என்று சில மாநிலங்களின் அறிவிக்கைகளில் காணலாம். உங்கள் பிரிவுக்கு எது பொருந்தும் என்பதை அந்த ஆண்டின் சேர்க்கைத் தகவல் கையேட்டைப் பார்த்தே முடிவு செய்யுங்கள். ஐந்தாண்டுப் படிப்புக்குப் பிளஸ் டூ மதிப்பெண்ணும், மூன்றாண்டுப் படிப்புக்குப் பட்டப் படிப்பு மதிப்பெண்ணும் கணக்கில் வரும்.

45 எடுத்துவிட்டால் இடம் உறுதி என்று பொருளில்லை. விண்ணப்பிக்கும் தகுதி மட்டுமே கிடைக்கிறது என்று அதே விதி சொல்கிறது. பல்கலைக்கழகம் வரம்பை உயர்த்தலாம், குறைக்க முடியாது. தமிழ்நாடு டாக்டர் அம்பேத்கர் சட்டப் பல்கலைக்கழகத்தின் சீர்மிகு சட்டப்பள்ளியில் ஹானர்ஸ் படிப்புகளுக்கு வரம்பு இதைவிட அதிகம்.

முழுமையாக்கும் விஷயத்துக்கு வருவோம். ஒடிசா நீதித்துறைப் பணித் தேர்வு ஒன்றில் 750-க்கு 337, அதாவது 44.93 சதவீதம் எடுத்தவரின் வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. குறைந்தபட்சம் 45 என்று விதி வைத்திருக்கும்போது, விதியில் இல்லாத சலுகையை நீதிமன்றம் சேர்க்க முடியாது என்று 2011-இல் தீர்ப்பானது. அது வேலைக்கான தேர்வு, கல்லூரிச் சேர்க்கை அல்ல; ஆனாலும் சேர்க்கை வழக்குகளில் எதிர்த்தரப்புக்கு அது வலுவான ஆயுதம். ஆகவே முழுமையாக்கலாம் என்று கையேட்டிலேயே எழுதியிருந்தால் ஒழிய, அதை நம்பி வழக்குக்குப் போகாதீர்கள்.

வேறு வகை வழக்குகளில் மாணவர்கள் வென்றிருக்கிறார்கள். எனக்கு முக்கியமாகப் படுவது இவைதான். ஒடிசாவின் பெர்ஹாம்பூர் பல்கலைக்கழகத்தின்கீழ் எம்.ஏ. முடித்த ஒருவரைச் சட்டக் கல்லூரி சேர்த்துக்கொண்டது. மதிப்பெண் பட்டியலை அவர் விண்ணப்பத்தோடே கொடுத்திருந்தார். படித்தார், தேர்வும் எழுதினார். முடிவை வெளியிடும் நேரத்தில் 'உனக்குத் தகுதியில்லை' என்றது பல்கலைக்கழகம். இவ்வளவு காலம் கழித்து அப்படிச் சொல்ல முடியாது என்று 1990-இல் உச்ச நீதிமன்றம் மாணவர் பக்கம் நின்றது. பின்னர் இன்னொரு வழக்கு. அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் ஒருவர் தொலைநிலையில் பெற்ற எம்.ஏ. பட்டத்தை, அவர் சட்டப் படிப்பில் சேர்ந்த பிறகு, பஞ்சாபில் உள்ள குருநானக் தேவ் பல்கலைக்கழகம் ஏற்கவில்லை. பல்கலைக்கழகத்தின் வாதம் சரி என்று கண்ட பிறகும், மாணவர் எதையும் மறைக்கவில்லை என்பதால் அவருடைய சேர்க்கையை உச்ச நீதிமன்றம் காப்பாற்றியது. இரண்டு வழக்கிலும் கைகொடுத்தது ஒளிவுமறைவின்மை. பட்டியலில் உள்ளதை உள்ளபடியே கொடுத்தவருக்குத்தான் இந்தப் பாதுகாப்பு.

சதவீதக் கணக்கில் இன்னொரு சிக்கலும் உண்டு. பட்டப் படிப்பில் தமிழும் ஆங்கிலமும் சேர்த்த மொத்தமா, முதன்மைப் பாடங்கள் அடங்கிய மூன்றாம் பகுதி மட்டுமா? இதைக் கையேட்டில் தேடிப் பாருங்கள். தெளிவில்லை என்றால் விண்ணப்பிக்கும் முன்பே எழுதிக் கேளுங்கள். மதிப்பெண்ணுக்குப் பதில் தரப்புள்ளி (CGPA) தரும் முறையில் படித்தவர்கள், அதற்கு இணையான சதவீதத்தைப் பல்கலைக்கழகத்திடம் சான்றாக வாங்கி வையுங்கள்.

நிராகரித்தால், காரணத்தை எழுத்தில் கேட்டு வாங்குங்கள். ரிட் மனுவுக்கு, அதாவது அரசு அமைப்பின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனுவுக்கு, அதுதான் அடிப்படை. அரசியல் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் சென்னை உயர் நீதிமன்றத்திலோ மதுரைக் கிளையிலோ, உங்கள் மாவட்டம் எந்த எல்லைக்குள் வருகிறதோ அங்கே, மனு போடலாம். கலந்தாய்வு முடியும் வரை காத்திருக்காதீர்கள். இடங்கள் நிரம்பிவிட்டால், நல்ல வழக்கும் பயனற்றுப் போகலாம். வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லை என்று தயங்க வேண்டாம். பெண்களுக்கும், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினருக்கும் வருமானம் எவ்வளவாக இருந்தாலும் இலவச சட்ட உதவி உரிமை. மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. உயர் நீதிமன்றச் சட்டப்பணிகள் குழுவை நேரில் அணுகலாம், 15100 என்ற எண்ணிலும் அழைக்கலாம்.