கடலின் மேல் மிதக்கும் கிணறு

"துவாலு நாட்டில் ஆறு உண்டா?" என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். ஆண்டுக்கு 280 துவாலு மக்களுக்கு இடம் தருவதாக ஆஸ்திரேலியா ஒப்பந்தம் செய்திருக்கிறது. 2025-இல் அதற்கான முதல் குலுக்கலில் அந்நாட்டவரில் பெரும்பாலோர் பெயர் பதிந்தார்கள் என்ற செய்தியைப் படித்துவிட்டு அவர் கேட்ட கேள்வி இது. அதன் மறுபாதிதான் என்னைப் பிடித்துக்கொண்டது: "ஆறும் ஏரியும் மலையும் இல்லையென்றால், நடுக்கடலில் இத்தனை நூற்றாண்டுகள் எதைக் குடித்து வாழ்ந்தார்கள்?"

ஆறு இல்லை. பசிபிக் பெருங்கடலில் உள்ள துவாலுவின் ஒன்பது தீவுகளையும் சேர்த்தாலே 26 சதுர கிலோமீட்டர்தான். மக்கள் சுமார் 11,000 பேர். தலைநகரமான ஃபுனாஃபுட்டியின் முதன்மைத் தீவு, அகலமான இடத்தில் 400 மீட்டர், குறுகிய இடத்தில் 20 மீட்டர். ஒரு பக்கம் பெருங்கடல், மறுபக்கம் காயல், நடுவில் ஒரு மண்கீற்று. நாட்டில் எங்கே நின்றாலும் கடல்மட்டத்திலிருந்து ஐந்து மீட்டர் உயரத்தைத் தாண்ட முடியாது. துவாலு என்ற சொல்லுக்கு 'எட்டும் சேர்ந்து' என்று பொருள். ஒன்பதாம் தீவில் மக்கள் பிற்பாடுதான் குடியேறினார்கள். பிரிட்டன் இவர்களையும் வடக்கே இருந்த கில்பர்ட் தீவு மக்களையும் ஒரே குடியேற்ற நாடாகக் கட்டி வைத்திருந்தது. துவாலு 1975-இல் பிரிந்து, 1978-இல் விடுதலை பெற்றது. கில்பர்ட் தீவுகள் 1979-இல் கிரிபாட்டி ஆயின. எழுதுவது அப்படி, அம்மொழியில் 'ட்டி' என்ற இடம் 'ஸ்' என்று ஒலிப்பதால் படிப்பது 'கிரிபாஸ்'. கில்பர்ட்ஸ் என்ற ஆங்கிலப் பெயரே அவர்கள் நாவில் அப்படி உருமாறியது.

இந்தத் தீவுகள் பிறந்த கதையைப் பள்ளியில் படித்திருப்பீர்கள். எரிமலை கடலுக்குள் மெல்லத் தாழ்கிறது, அதைச் சுற்றியிருந்த பவளம் வெளிச்சத்தை விடாமல் மேல்நோக்கி வளர்கிறது, கடைசியில் மலை மறைந்து பவள வளையம் மட்டும் மிஞ்சுகிறது. டார்வின் சொன்னது. யாராவது ஒரு பெரும் பணக்காரர் பவளத்தீவு ஒன்றில் ஆழத் துளையிட்டுப் பார்க்க மாட்டாரா என்று, சாவதற்கு முந்தைய ஆண்டு எழுதிய கடிதத்தில் அவர் ஏங்கியிருக்கிறார். லண்டனின் அறிவியல் கழகமான ராயல் சொசைட்டி 1896 முதல் 1898 வரை இதே ஃபுனாஃபுட்டியில் துளையிட்டது. 340 மீட்டர் போயும் பவளச் சுண்ணாம்புதான் வந்தது. எரிமலைப் பாறையை எட்டவில்லை. 1952-இல் மார்ஷல் தீவுகளின் எனிவெட்டாக்கில் 1,283 மீட்டர் ஆழத்தில் எரிமலைப் பாறை தட்டுப்பட்டது. டார்வின் வென்றார். ஆனால் அந்தத் துளைக்குப் பணம் வந்தது அமெரிக்கா அங்கே அணுகுண்டுகளை வெடித்துப் பார்க்க வந்ததால்தான். அதே ஆண்டு, அதே பவள வளையத்தில் ஹைட்ரஜன் குண்டு வெடித்து எலுகெலாப் என்ற தீவே இல்லாமல் போயிற்று. ஒரு நல்ல கேள்விக்குப் பணம் கிடைக்க எழுபது ஆண்டுகளும் ஒரு குண்டும் தேவைப்பட்டன என்பது எனக்கு இன்றும் ஆறாத கோபம்.

சரி, தண்ணீர். கிணறு தோண்டித்தான் குடித்தார்கள். கடலிலிருந்து நூறடி தள்ளி, வெறும் மணலில், ஆளுயரத்துக்கும் குறைவான கிணறு. 1836 ஏப்ரலில் இந்தியப் பெருங்கடலின் கோகோஸ் தீவுகளுக்குப் போன டார்வின், கிணற்று நீர் கடலின் ஓதத்தோடு (ஏற்றவற்றத்தோடு) ஏறி இறங்குவதையும், ஏறினாலும் இறங்கினாலும் நல்ல தண்ணீராகவே இருப்பதையும் கண்டார். கடல்நீர்தான் மணலால் வடிகட்டப்பட்டு இனிப்பாகிறது என்று பலர் அப்போது நம்பினார்கள். இன்றும் நம்புகிறவர்கள் உண்டு. மணலுக்கு அந்த வல்லமை கிடையாது. கரைந்த உப்பை எந்த மணலும் பிடித்து வைக்காது.

நடப்பது வேறு. தீவின் அடிப்பகுதி உப்புநீரில் ஊறிய பஞ்சு. மேலே மழை பெய்கிறது. நீர் மணலில் இறங்கிக் கடல்மட்டத்தை அடைந்ததும் நிற்கிறது. உப்புநீர் கனமானது, மழைநீர் இலகுவானது. ஆகவே மழைநீர் அதன் மேல் மிதக்கிறது. திறந்த கடலாக இருந்தால் அலை நொடியில் கலக்கிவிடும். இங்கே மணலின் நுண்ணிய இடுக்குகள் கலக்க விடுவதில்லை.

இனி கணக்கு. ஒரு கனமீட்டர் நன்னீரின் எடை 1,000 கிலோ. கடல்நீர் 1,025 கிலோ. 40 மீட்டர் உயரமுள்ள கடல்நீர்த் தூணின் எடை 41,000 கிலோ. 41 மீட்டர் நன்னீர்த் தூணும் சரியாக 41,000 கிலோ. தராசின் இரு தட்டுகளும் சமமாக நிற்க வேண்டுமானால், நன்னீர் கடல்மட்டத்துக்கு மேலே ஒரு மீட்டரும் கீழே நாற்பது மீட்டரும் இருந்தாக வேண்டும். நம் அளவில் சொன்னால், ஒரு சாண் ஏற்றத்துக்கு நாற்பது சாண் ஆழம்! பவளத்தீவின் நடுவில் நிலத்தடி நீர் கடல்மட்டத்தைவிட ஒரு சாண், ஒன்றரைச் சாண்தான் உயர்ந்திருக்கும். கண்ணுக்கே தெரியாத அந்த மேட்டின் கீழே பத்து மீட்டர் அளவுக்கு நன்னீர் தொங்குகிறது. நடுவில் தடித்து ஓரங்களில் மெலிந்த வடிவம் என்பதால் இதற்கு நன்னீர் வில்லை என்று பெயர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் நெதர்லாந்தின் பாடன் கைபென், அடுத்து ஜெர்மனியின் ஹெர்ஸ்பெர்க் என இருவர் தனித்தனியே இந்தக் கணக்கைக் கண்டுபிடித்தார்கள். ஒரு தீவையே தராசாக்கும் இந்த ஒன்றுக்கு நாற்பது என்ற விகிதத்தைவிட அழகானதை நீரியலில் நான் கண்டதில்லை.

வில்லை தேங்கிக் கிடப்பதும் இல்லை. ஓரங்கள் வழியே ஓயாமல் கடலில் கசிகிறது. மழை அந்த இழப்பை ஈடு செய்கிறது. தீவு அகலமாக இருந்தால் கசிய நாளாகும், வில்லை தடிக்கும். சில நூறு மீட்டர் அகலமாவது இல்லாத தீவில் அது நிலைக்காது. நடைமுறையில் இரு நீருக்கும் இடையே கூர்மையான கோடும் கிடையாது. உப்பு கொஞ்சம் கொஞ்சமாக ஏறும் ஒரு பட்டை இருக்கிறது.

இதே அமைப்பு யாழ்ப்பாணத்தின் சுண்ணாம்புப் பாறையிலும் இருக்கிறது. ஆண்டு முழுதும் ஓடும் ஆறில்லாத அந்தத் தீபகற்பம் கிணறுகளை நம்பி வாழ்வது இந்த வில்லைகளால்தான். புத்தூரின் நிலாவரைக் கிணற்றில் மேலே நன்னீர், ஆழத்தில் உவர். இராமன் அம்பெய்து உண்டாக்கியது என்ற கதையைக் கதையாகக் கேட்க எனக்கும் பிடிக்கும். ஆனால் உள்ளங்கையில் தேங்காயை வைத்துக்கொண்டு 'நீரோட்டம்' காட்டுகிறவருக்குக் காசு கொடுப்பதை என்னால் ஏற்க முடியாது. வில்லை என்பது ஒற்றை ஓடை அல்ல; அதன் மேல் எங்கே தோண்டினாலும் நீர் வரும். எவ்வளவு ஆழம் தோண்டுகிறோம், எவ்வளவு இறைக்கிறோம் என்பதுதான் கேள்வி.

ஏனென்றால் விகிதம் திரும்பியும் வேலை செய்யும். பம்பு வைத்து நீர்மட்டத்தை ஒரு சாண் இறக்கினால், அடியிலிருந்து உப்பு நாற்பது சாண் வரை மேலெழப் பார்க்கும். அதனால்தான் கிரிபாட்டியின் தலைநகரப் பகுதிக்கு நீர் தரும் பொன்ரிக்கியில் ஆழ்துளைக் கிணறு போடுவதில்லை. நிலத்தடி நீர்மட்டத்தை ஒட்டிப் படுக்கைவாட்டில் நீண்ட துளைக்குழாய்களைப் புதைத்து, பாலின் மேல் ஆடை எடுப்பதுபோல் மேல்நீரை மட்டும் எடுக்கிறார்கள்.

முன்னோர் இதைக் கணக்கில்லாமலே அறிந்திருந்தார்கள். தீவின் நடுவில், வில்லை தடித்த இடத்தில், நீர்மட்டம் வரை குழி வெட்டி, இலைதழை மக்கிய உரமிட்டு, சேம்பு இனத்து இராட்சதக் கிழங்கை வளர்த்தார்கள். துவாலுவில் அது புலாகா, கிரிபாட்டியில் பாபாய். குழிகள் தலைமுறை தலைமுறையாகக் குடும்பச் சொத்து. 1943-இல் ஜப்பானுடனான போரின்போது அமெரிக்கப் படை ஃபுனாஃபுட்டியில் விமான ஓடுதளம் போட்டது. இருப்பதிலேயே அகலமான, புலாகா விளைந்த நிலம் அதற்குப் போயிற்று. பவளக்கல் தோண்டி எடுத்த பள்ளங்களில் உவர்நீரும் குப்பையும் எழுபது ஆண்டுகளுக்கு மேல் கிடந்தன. 2015-இல்தான் அவற்றை மூடினார்கள்.

இப்போது கடல் ஏறுகிறது. தீவுகள் கரைந்து போகின்றனவா? 1971 முதல் 2014 வரையிலான படங்களை ஒப்பிட்ட ஆய்வு, துவாலுவின் மொத்த நிலப்பரப்பு 2.9 சதவீதம் கூடியிருப்பதைக் காட்டியது. அலைகள் பவளமணலைக் கொண்டுவந்து கரையில் சேர்க்கின்றன. இதைக் காட்டி ஆபத்தே இல்லை என்று வாதிடுகிறவர்கள் தண்ணீரை மறந்துவிடுகிறார்கள். கடல் மெல்ல ஏறினால் வில்லையும் அதன் மேல் மிதந்தபடி ஏறும். அதுவரை கெடுதல் குறைவு. ஆனால் புயலோ பேரலையோ தீவின் குறுக்கே பாய்ந்தால் உப்பு மேலிருந்து இறங்குகிறது. 2005-இல் பெர்சி புயல் குக் தீவுகளின் புகாபுகாவைக் கடந்தபின், கிணற்றுநீர் மறுபடி குடிக்கத் தக்கதாக ஏறக்குறைய ஓராண்டு ஆயிற்று. கடல்மட்டம் உயர உயர இத்தகைய பாய்ச்சல்கள் அடிக்கடி வரும். வில்லை தேறுவதற்குள் அடுத்தது வந்துவிட்டால், தீவு நீருக்கு மேலே நிற்கும்போதே அங்கே வாழ முடியாமல் போய்விடும்.

ஃபுனாஃபுட்டி மக்கள் இன்று கூரையில் விழும் மழையைத் தொட்டிகளில் பிடித்துக் குடிக்கிறார்கள். 2011-இல் மழை பொய்த்தபோது அரசு நெருக்கடி நிலையை அறிவித்தது. கடல்நீரைக் குடிநீராக்கும் இயந்திரங்கள் வெளிநாட்டிலிருந்து வந்து இறங்கின. பிப்ரவரியை ஒட்டிய பேரோத நாட்களில் அந்த ஓடுதளத்தின் அருகே, கரையிலிருந்து அலை வராமலே, தரையின் துளைகள் வழியாக உப்புநீர் குமிழியிட்டு மேலே வருகிறது.