கட்டாய ஓய்வு: பெறுவதா, பெறச் செய்வதா?

ஹட்டன் பக்கம் எங்களுக்குப் பழக்கமான மாஸ்டர் ஒருவர் ஒரு கடிதத்தைத் தூக்கிக்கொண்டு வந்தார். 60 வயது முடிகிறது, போக வேண்டியதுதான், அதில் அவருக்கு வருத்தமில்லை. ஆனால் கடிதத்தில் ‘கட்டாய ஓய்வு’ என்று அச்சடித்திருந்தது. “நான் என்ன களவா எடுத்தேன் தம்பி, கட்டாயமா அனுப்புறதுக்கு?” என்று கேட்டார்.

அவர் கேட்டதில் நியாயம் இருக்கிறது. ‘கட்டாயம் கல்யாணத்துக்கு வந்துடுங்க’ என்று பத்திரிகை வைக்கிறவர் யாரையும் மிரட்டுவதில்லை. அங்கே கட்டாயம் என்றால் தவறாமல். ‘கட்டாயப்படுத்தினாங்க’ என்றால் கதையே வேறு. அலுவலகத் தமிழில் இந்த இரண்டு பொருளும் ஒரே சொல்லுக்குள் அடைபட்டுக் கிடக்கின்றன. இலங்கை அரச சேவையில் 55 வயதில் விரும்பினால் ஓய்வு, 60 வயதில் கட்டாய ஓய்வு என்பது நெடுநாள் வழக்கம். இது எல்லோருக்கும் பொதுவான வயதெல்லை. திறமைக்குறைவு போன்ற காரணத்தைக் காட்டி, வயது வருமுன்னே ஒருவரை வீட்டுக்கு அனுப்புவது இன்னொன்று. அதையும் கட்டாய ஓய்வு என்றே சொல்கிறோம்.

ஓய்வு என்ற சொல் பழையது. ஓய்தல், ஆய்தல், நிழத்தல், சாஅய் என்ற நான்குக்கும் ‘உள்ளதன் நுணுக்கம்’ என்று பொருள் சொல்கிறது தொல்காப்பிய உரியியல். இருப்பது கொஞ்சம் கொஞ்சமாகக் குறைவதுதான் ஓய்தல். மழை ஓய்கிறது, காற்று ஓய்கிறது; யாரும் ஓயவைப்பதில்லை. நம் நாட்டில் இதற்கு இணையாக இளைப்பாறல் என்ற சொல்லும் உண்டு. ‘இளைப்பாறிய அதிபர்’ என்று மரண அறிவித்தல்களில் இன்றும் பார்க்கலாம். இளைப்பு ஆறுவது, அதாவது களைப்புத் தணிவது. என்னைக் கேட்டால் ஓய்வைவிட அழகான சொல். இரண்டுமே தன்வினை, தானாக நடப்பவை. அவற்றின் முன்னால் ‘கட்டாய’ என்று ஒட்டும்போதுதான் இடிக்கிறது.

பென்சனுக்கு அந்தக் காலத்தில் உபகாரச் சம்பளம் என்று பெயர். பெயரிலேயே வில்லங்கம்: உபகாரம் என்றால் தயவு பார்த்துக் கொடுப்பது. அரச ஊழியருக்கு ஓய்வூதியத்தில் முழு உரிமை கிடையாது என்றுதான் பென்சன் விதிகளைச் சொல்லும் நமது ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பும் தொடங்குகிறது. சம்பளத்தின் கதை அப்படியல்ல. கேகாலைக் கச்சேரியில், அதாவது மாவட்ட அரச அலுவலகத்தில், வேலை செய்த கோடீஸ்வரன், சிங்களப் பரீட்சைக்குத் தோற்றாததால் நிறுத்தப்பட்ட சம்பள ஏற்றத்துக்காக வழக்காடினார். அரச ஊழியர் தன் சம்பளத்துக்காக அரசுமீது வழக்குப் போடலாம் என்று 1969இல் லண்டனில் இருந்த மேல்முறையீட்டு மன்றமான கோமறைக் கழகம் (பிரிவி கவுன்சில்) சொன்னது.

சரி, ஓய்வை எதிர்த்து எங்கே போவது? 2001இல் வந்த அரசியலமைப்பின் 17ஆம் திருத்தத்துக்குப் பின், அரசாங்க சேவை ஆணைக்குழுவின் முடிவைச் சாதாரண வழக்கில் கேள்வி கேட்க முடியாது. நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபைக்குப் போகலாம். அல்லது ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு போடலாம். அமைச்சரவை முடிவாக இருந்தால் எழுத்தாணை கேட்கலாம். அதிகாரத்தில் உள்ளவர்களுக்கு நீதிமன்றம் இடும் ஆணை அது; ரிட் என்று எல்லோரும் சொல்வது இதைத்தான். 2022 தொடக்கத்தில் ஓய்வு வயது 65 ஆனது; அதே ஆண்டு ஓகஸ்டில் வந்த இடைக்கால வரவு செலவுத் திட்டம் அதை மறுபடி 60க்கு இறக்கியது. நிபுணத்துவ மருத்துவர்கள் மேன்முறையீட்டு நீதிமன்றம் போனார்கள். தங்களை 60 வயதில் அனுப்பும் அமைச்சரவை முடிவை 2023இல் ரத்துச் செய்ய வைத்தார்கள். அது வயதெல்லை பற்றிய சண்டை, யாருடைய நடத்தையையும் பற்றியதல்ல.

இந்தியாவில் கட்டாய ஓய்வு என்றதும் மற்றப் பொருள்தான் முதலில் நினைவுக்கு வரும். குறிப்பிட்ட வயதைத் தாண்டியவரைப் பொதுநலன் கருதி முன்கூட்டியே அனுப்பலாம். அது தண்டனையல்ல, ஆகவே முதலில் விளக்கம் கேட்க வேண்டியதில்லை, ஆனால் கெட்ட எண்ணத்தோடோ ஆதாரமே இல்லாமலோ எடுத்த முடிவு நிற்காது என்று 1992இல் வைகுண்ட நாத் தாஸ் வழக்கில் அங்குள்ள உச்ச நீதிமன்றம் சொன்னது. வேடிக்கை என்னவென்றால், அதே நாட்டின் ஒழுங்கு நடவடிக்கை விதிகளில் பெருந்தண்டனைப் பட்டியலிலும் கட்டாய ஓய்வு இருக்கிறது!

எனவே என் யோசனை: வயது வந்து போவதை வயதெல்லை ஓய்வு என்று எழுதலாம். தமிழ்நாட்டில் வயது முதிர்வு ஓய்வு என்கிறார்கள், அதுவும் சரி. நிர்வாகம் முடிவெடுத்து அனுப்புவதற்கு மட்டும் கட்டாய ஓய்வை விட்டுவிடலாம். கையில் வந்த கடிதத்தில் வினையைப் பாருங்கள். ‘ஓய்வுபெறுகின்றீர்’ என்றால் பெரும்பாலும் வயதுதான் காரணம். ‘ஓய்வுபெறச் செய்யப்படுகின்றீர்’ என்றால் செய்தவர் யார், எந்த விதியின் கீழ், ஏன் என்று உடனே கேட்க வேண்டும். அடிப்படை உரிமை மனுவுக்கான அந்த ஒரு மாதம் சட்டென்று ஓடிவிடும்.

மாஸ்டருக்கு இதைச் சொன்னபோது பக்கத்தில் இருந்த அவர் அக்கா சிரித்தார். தோட்டத்தில் கொழுந்து எடுத்தவர். அங்கே வேலையிலிருந்து ஓய்வுபெற்றால் ‘பென்சன் போயிட்டாங்க’ என்பார்கள், ஆனால் மாதாமாதம் வரும் பென்சன் கிடையாது. ஈபிஎஃப் என்கிற ஊழியர் சேமலாப நிதியும் சேவைக்காலப் பணமும்தான். “நான் பென்சன் வாங்கி நாலு வருசம், நேத்தும் கைகாசுக்குக் கொழுந்தெடுக்கப் போனேன்” என்றார்.