அவணுக்குள் காணாமல் போகும் கடுகு உறைப்பு

நிலாவெளிப் பக்கம் ஒரு ஹோட்டல் குசினியில் வேலை செய்யும் தம்பி ஒருவன் போன கிழமை வீட்டுக்கு வந்திருந்தான். முன்பு என்னிடம் விஞ்ஞானம் படித்தவன். வந்து கதிரையில் இருந்த கையோடு கேட்டான்: "சேர், வெள்ளைக்காரருக்கு உருளைக்கிழங்கைக் கடுகு விழுதில பிரட்டி அவண்ல சுட்டுக் குடுக்கிறம். பிரட்டேக்குள்ள கண்ணாலயும் மூக்காலயும் தண்ணி ஓடுது. சுட்டு எடுத்தா உறைப்பே இல்லை. அது எங்க போகுது?"

படிக்கிற காலத்தில் இவன் இப்படி ஒரு கேள்வி கேட்டதில்லை.

கிழங்கின் கதை பலருக்கும் ஓரளவு தெரிந்ததுதான், அதைச் சுருக்கமாக முடித்துவிடுகிறேன். 60 முதல் 70 பாகை செல்சியஸ் அளவில் மாப்பொருள் மணிகள் நீரை உறிஞ்சிப் பருத்து வேகும். மேற்பரப்பில் நீர் வற்றி வெப்பநிலை 140 பாகையை நெருங்கும்போது வெல்லங்களும் அமினோ அமிலங்களும் சேர்ந்து பொன்னிறத்தையும் மணத்தையும் தரும். பிரான்சைச் சேர்ந்த லூயி கமில் மயார் 1912இல் விவரித்த தாக்கம் இது. பாணின் மேலோடு சிவப்பதும் இதனால்தான். விழுதில் தேசிக்காய்ப் புளி இருந்தால் கலச்சுவர்களை ஒட்டிவைத்திருக்கும் பெக்டின் இலகுவில் கரையாது, பச்சைக் கிழங்கு சுணங்கித்தான் வேகும். ஆகவே உப்புத் தண்ணீரில் முக்கால் பதம் அவித்து, வடித்து, பானையோடு குலுக்கிச் சொரசொரப்பாக்கிவிட்டுப் பிரட்டுவது நல்லது. அவிக்கிற தண்ணீரில் ஒரு சிட்டிகை அப்பச்சோடா போட்டால் அந்தச் சொரசொரப்பு இன்னும் கூடும். இரவு முழுக்க ஊறவைத்தால் கடுகு உள்ளே இறங்கும் என்பது வெறும் நம்பிக்கை. உப்பு கொஞ்சம் உள்ளே போகும், மற்றதெல்லாம் மேலேயே நின்றுவிடும்.

திருகோணமலை வெக்கைக்குப் பயந்து கிழங்கைப் பிரிட்ஜில் வைப்பவர்களுக்கு ஒரு சொல். குளிரில் கிழங்கின் மாப்பொருளில் ஒரு பகுதி வெல்லமாக மாறும். பிறகு சுட்டால் சீக்கிரம் கருகும், அக்ரிலமைட் என்ற வேண்டாத பொருளும் கூடுதலாக உருவாகும். உணவில் அது இருப்பதைச் சுவீடன் ஆய்வாளர்கள் 2002இல் அறிவித்தபோது உலகமே கொஞ்சம் கலங்கியது. கிழங்கைக் காற்றோட்டமான இருட்டு மூலையில் போட்டு வையுங்கள்.

சரி, கடுகுக்கு வருவோம். எனக்குப் பிடித்த இடமும் இதுதான்.

ஒரு கடுகு மணியைக் கடிக்காமல் நாக்கில் வைத்துப் பாருங்கள். ஒன்றுமில்லை. எண்ணெயில் தாளியுங்கள், வெடிக்கும், மணக்கும், ஆனால் உறைக்காது. அதையே தண்ணீர் தெளித்து அம்மியில் அரையுங்கள், மூக்கின் உச்சிவரை ஏறும். கடுகு சிறுத்தாலும் காரம் போகாது என்று சொல்லி வளர்ந்தவர்கள் நாம். உண்மையில் அந்த மணிக்குள் போவதற்குக் காரமே இல்லை. காரம் பிறப்பதற்கான இரண்டு சாமான்கள்தான் இருக்கின்றன.

ஒன்று சினிகிரின். குளுக்கோசோடு கந்தகமும் நைதரசனும் சேர்ந்த மூலக்கூறு. கைக்கும், உறைக்காது. மற்றது மைரோசினேசு என்ற நொதியம். இரண்டையும் விதை தனித்தனி இடங்களில் பூட்டி வைத்திருக்கிறது. ஒரே வளவுக்குள் இருந்துகொண்டு முகம் பார்க்காத இரண்டு குடும்பங்கள் மாதிரி. ஒரு புழு வந்து கடிக்கும்போது நடுச்சுவர் இடிகிறது, இரண்டும் சந்திக்கின்றன, கடித்த வாயிலேயே நஞ்சு உருவாகிறது. முன்கூட்டியே கலந்து வைத்தால் அது செடியையும் சுடும் அல்லவா? கோவா, முள்ளங்கி எல்லாம் இதே குடும்பம், இதே தந்திரம். கோவா இலையில் அப்பிக்கொண்டு வாழும் ஒருவகை அழுக்கணவன் இதில் இன்னும் ஒரு படி மேலே போயிருக்கிறது. செடியின் சாற்றில் இருந்து இந்தக் கந்தகப் பொருளைத் திருடிச் சேர்த்துவைத்து, தன் உடம்பிலேயே தனியாக ஒரு நொதியத்தையும் வைத்திருக்கிறது. அதைக் கடித்து நசுக்கும் பூச்சிக்கும் கடுகடி விழும்.

சுவர் இடிந்தால் மட்டும் போதாது, தண்ணீரும் வேண்டும். காய்ந்த கடுகை நன்றாகக் காய்ந்த கிரைண்டரில் மாவாக்கி மணந்து பாருங்கள், சாதுவாக இருக்கும். அதில் பச்சைத் தண்ணீர் விட்டுக் குழைத்ததும் வேலை தொடங்குகிறது. நொதியம் சினிகிரினிலிருந்து குளுக்கோசை வெட்டி எடுக்கிறது. மிச்சத் துண்டு நிலைத்து நிற்க முடியாமல் தானே மடங்கி, சல்பேற்றை உதறிவிட்டு, அல்லைல் ஐசோதயோசயனேற்று என்ற எண்ணெயாக மாறுகிறது. வாய் நிறைந்த அந்தப் பெயரை மறந்தாலும் பரவாயில்லை. விதையில் இல்லாதிருந்த ஒரு பொருள் உங்கள் கண்முன்னே பிறந்திருக்கிறது, பத்துப் பதினைந்து நிமிடத்தில் அது உச்சத்தைத் தொடும். சும்மா மூன்று கோப்பையை வைத்து இதைச் சோதிக்கலாம். ஒன்றில் கடுகு மாவோடு பச்சைத் தண்ணீர், ஒன்றில் கொதிதண்ணீர், ஒன்றில் வினாகிரி. கால் மணித்தியாலம் கழித்து மூக்கைக் கிட்டக் கொண்டுபோங்கள். மெல்ல.

கொதிதண்ணீர்க் கோப்பையில் ஒன்றும் நடந்திருக்காது. நொதியம் ஒரு புரதம், கொதிநீரில் முட்டை வெள்ளைக்கரு போல உருக்குலைந்து செயலிழந்துவிடும். திருகோணமலைக் கன்னியா வெந்நீர்க் கிணறுகளின் சூடு அதற்கு ஒரு பொருட்டல்ல, கேத்தில் சூடுதான் ஆகாது. இது தெரியாத வயதில் நான் ஒருமுறை விருந்தாளிகளுக்காகக் கடுகு மாவில் சுடுதண்ணீரை ஊற்றிக் கரைத்துவிட்டு, உறைப்பு வரட்டும் என்று அரை மணித்தியாலம் காத்திருந்தேன். கைப்பு மட்டும்தான் வந்தது. வெட்டப்படாத சினிகிரினின் கைப்பு. வினாகிரிக் கோப்பையிலோ நொதியம் சாகாது, அமிலத்தில் சோம்பிப் போகும். அதனால் வரிசை முக்கியம்: முதலில் பச்சைத் தண்ணீரில் அரை, பொறு, உறைப்பு ஏறியதும் தேசிக்காய் பிழி. புளி அந்த உறைப்பைக் கொஞ்ச நாள் காப்பாற்றியும் கொடுக்கும்.

அது ஏன் மூக்குக்கு ஏறுகிறது? மிளகாயின் கப்சைசின் எளிதில் ஆவியாகாது, நாக்கிலேயே குந்தியிருந்து எரிக்கும். கடுகில் பிறந்த அந்தக் கார எண்ணெயோ வாயின் சூட்டிலேயே ஆவியாகித் தொண்டையின் பின்பக்கத்தால் மூக்குக்குப் போய்விடும். அங்கே நரம்பு முனைகளில் ரி.ஆர்.பி.ஏ-1 என்றொரு புரதக் கதவு இருக்கிறது. கடுகு மூலக்கூறு அதில் கொக்கி போட்டதுபோல் இரசாயனப் பிணைப்பால் மாட்டிக்கொண்டு கதவைத் திறந்து பிடிக்கிறது, மூளைக்கு 'எரியுது' என்று செய்தி போகிறது. கடுகுக்கான கதவு இதுதான் என்பது 2004இல் வெளியான ஆய்வுகளில் தெரியவந்தது. அதில் பங்குகொண்ட டேவிட் ஜூலியஸ் அதற்கு முன்பே, 1997இல், மிளகாய்க்கான கதவைக் கண்டுபிடித்திருந்தவர். 2021இல் மருத்துவத்துக்கான நோபல் பரிசை ஆர்டெம் பட்டபூட்டியானோடு பகிர்ந்துகொண்டார்.

மிளகாய் ஏன் உறைக்கிறது என்று ஆராய இங்கே ஒருவர் காசு கேட்டால் என்ன நடக்கும் என்று யோசித்துப் பார்க்கிறேன். முதல் கேள்வி, இதனால் நாட்டுக்கு என்ன பயன்? மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 0.1 வீதத்தைச் சுற்றி மட்டும் ஆராய்ச்சிக்குச் செலவழிக்கும் நாட்டில் அப்படித்தான் கேட்பார்கள். யப்பானில் சிலர், தூங்குகிறவரை எழுப்ப வசாபி என்ற கார விழுதின் ஆவி காற்றில் எவ்வளவு இருக்கவேண்டும் என்று அளந்தார்கள். வசாபியிலும் இதே எண்ணெய்தான். 2011இல் சிரிப்புக்குப் பேர்போன இக் நோபல் பரிசும் கிடைத்தது. ஆனால் காது கேளாதவர் உறங்கும் அறையில் தீப்பிடித்தால் மணி அடித்து என்ன பயன்? மூக்கைக் குத்தி எழுப்பும் அபாய அறிவிப்புக் கருவிக்காகத்தான் அந்த ஆய்வு. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

இப்போது தம்பியின் கேள்விக்குப் பதில் எளிது. 200 பாகை அவணில் விழுதிலுள்ள தண்ணீர் ஆவியாகும்போது அந்தக் கார எண்ணெயையும் கூட்டிக்கொண்டு போகிறது. தனியே என்றால் அந்த எண்ணெய் கொதிக்க 150 பாகை வேண்டும். நீராவி துணைக்கு வந்தால் 100க்குக் கீழேயே கிளம்பிவிடும். கடுகின் வாசனை எண்ணெயை வடித்தெடுப்பதே இந்த முறையில்தான். "அவண் கதவைத் திறக்கேக்குள்ள கண் எரியுமே, அதுதான் உன்ர உறைப்பு" என்றேன். கிழங்கில் மிஞ்சுவது கொட்டை வறுத்தது போன்ற மணமும் மெல்லிய கைப்பும்.

தாளிதத்தில் கதை வேறு. அங்கே விதை முழுசாக இருக்கும்போதே சூட்டில் நொதியம் செத்துவிடுகிறது, உறைப்பு பிறக்கவே இல்லை. வெடிப்பது உள்ளிருந்த கொஞ்ச ஈரம் நீராவியாகித் தோலைக் கிழிப்பதால். நாவூறு கழித்து நெருப்பில் போடும் கடுகு வெடிப்பதும் அதனால்தான், கல்லுப்பு வெடிப்பதும் அதற்குள் அகப்பட்ட ஈரத்தால்தான். "பார், எவ்வளவு கண்ணூறு!" என்று என் பெரியம்மா ஒவ்வொரு வெடிக்கும் கணக்கு வைப்பா. ஒருநாள் யாருக்கும் சுற்றாத கடுகை அதே நெருப்பில் போட்டுக் காட்டினேன், அதுவும் வெடித்தது. அது எனக்குப் பட்ட கண்ணூறு என்று சொல்லிவிட்டா. பரிசோதனைக்கு ஒப்பீட்டு மாதிரி வைத்தும் பலனில்லை.

தம்பிக்குச் சொன்ன வழி இதுதான். விழுதில் பாதியைப் பிரட்டிச் சுடு. மற்றப் பாதியில் தேசிக்காய் பிழிந்து போத்தலில் இறுக்கி மூடி வை, கச்சான் காற்றுக்குச் சன்னலைத் திறந்துவிட்டுக் கோப்பையில் வைத்திருந்தால் பாதி உறைப்பு கடலுக்குப் போய்விடும். கிழங்கு வெளியே வந்து ஆவி அடங்கிய பிறகு அந்தப் பாதியைச் சேர்த்துப் பிரட்டு.

சனிக்கிழமை இரவு தொலைபேசி எடுத்தான். "சேர், இப்ப உறைக்குது. ரெண்டாம் மேசைக்காரர் மூண்டு போத்தல் தண்ணி வாங்கிட்டினம்."